அடைப்புக்குறிக்குள் ஒரு நாடு

மாமி காலையில் எழுந்ததும், பல் விளக்குவதற்கு முன்பே, செத்தவர்களைப் பார்த்துவிடுவார். மாமி என்றால் என் கணவரின் தாயார். ராஜகீழ்ப்பாக்கத்தில் ஒரு மாடிப் போர்ஷனில் நானும் அவரும் மட்டும்தான் இருந்தோம். வெளிநாட்டிலிருந்து யாரோ நடத்துகிற மரண அறிவித்தல் தளம் ஒன்றைப் போனில் திறந்து, எழுத்தைப் பெரிதாக்கி, கண்ணாடியை மூக்கு நுனிக்கு இறக்கி, ஒன்றுவிடாமல் வாசிப்பார். தெரிந்தவர் யாராவது அகப்பட்டால் அன்றைய பொழுது அதிலேயே போய்விடும். அகப்படாவிட்டால் அவருக்குக் கொஞ்சம் ஏமாற்றம்தான்.

ஈழத்து மரண அறிவித்தலுக்கு மாறாத ஒரு அச்சு உண்டு. இன்ன ஊரைப் பிறப்பிடமாகவும் இன்ன ஊரை வதிவிடமாகவும் கொண்ட இன்னார். அவர் இன்னாரின் அன்பு மகள், இன்னாரின் பாசமிகு மனைவி, இன்னார் இன்னாரின் தாயார், மாமியார், பாட்டியார் என்று கிளை கிளையாகப் போகும். அந்தப் பெயர்களில் செத்துப்போனவர்களுக்கு முன்னால் 'காலஞ்சென்ற' என்று வரும். உயிரோடு இருப்பவர்களுக்குப் பின்னால் அடைப்புக்குறிக்குள் அவர்கள் இருக்கும் நாடு வரும். கனடா, சுவிஸ், லண்டன். லண்டன் ஒரு நாடில்லை என்று இதுவரை யாரும் திருத்தியதில்லை. முன்னால் அந்தச் சொல் இருக்க வேண்டும், அல்லது பின்னால் ஒரு நாடு இருக்க வேண்டும். இரண்டும் இல்லாத ஆளை நான் கண்டதில்லை.

மாமி இவற்றை வாசிப்பது பரீட்சைத் தாள் திருத்துகிற மாதிரி இருக்கும். "இஞ்ச பார் பிள்ளை, மூத்த மருமகன்ர பேரைக் காணேல்லை. வீட்டுக்குள்ள ஏதோ கொழுவல்" என்பார். பெயர் விடுபட்டிருந்தால் குடும்பத்தில் சண்டை. இரண்டு நாளில் மறுபடி திருத்தி வந்தால் சமாதானம். உலகம் முழுவதும் சிதறிக் கிடக்கிற சனத்தின் வீட்டுச் சண்டைகளை மாமி தாம்பரத்துக்குப் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டு கணக்காகச் சொல்லிவிடுவார்.

எனக்கும் பிழைப்பு எழுத்தில்தான். கிழக்குத் தாம்பரத்தில் ஒரு சின்ன அச்சகத்தில் டைப் செய்கிறேன். விசிட்டிங் கார்டு, கல்யாணப் பத்திரிகை, காதுகுத்து பேனர், கண்ணீர் அஞ்சலி போஸ்டர். இங்கே சாவு போஸ்டரில் இறந்தவர் நடுவில் இருப்பார், சுற்றிலும் வட்டம் வட்டமாக வருந்துகிறவர்கள் இருப்பார்கள். வட்டத்துக்குள் இருப்பவர்களுக்குத் தங்கள் படம் பெரிதாக வர வேண்டும் என்ற கவலை வேறு. முதலாளி என்னைவிட நாலு வயது இளையவர், பக்கத்துக் கிராமத்துக் கிறிஸ்தவர். நான் வேலைக்குச் சேர்ந்தபோது என் பேச்சைக் கேட்டு, "கேரளாவாக்கா?" என்றார். ஓம் என்று சொல்லக்கூட வாய் வராமல் தலையை ஆட்டினேன். வாடகை வீடு பிடிக்கவும் அந்தத் தலையாட்டல்தான் உதவியது. மூன்று வருடம் கழித்து உண்மையைச் சொன்னேன்.

"இன்னாக்கா நீ! மூணு வருசமா ஓணத்துக்கு ஓணம் லீவு குட்த்துகினு கீறேன். நீயும் வாங்கிகினு போயிகினே இருந்தே" என்றார். அதற்கு மேல் ஒரு வார்த்தை கேட்கவில்லை. அடுத்த வருடமும் ஓணத்துக்கு லீவு கொடுத்தார்.

என் கணவர் கிளிநொச்சியில் சைக்கிள் கடை வைத்திருந்தார். கல்யாணமாகி இரண்டு வருடம்தான் சேர்ந்து இருந்தோம். சண்டை நெருங்கியபோது எங்களை மன்னார்க் கரைக்குக் கூட்டிக்கொண்டு வந்தார். வள்ளத்தில் இரண்டு பேருக்குத்தான் இடம் என்றார்கள். "அம்மாவைக் கூட்டிக்கொண்டு நீ போ. நான் அடுத்த வள்ளத்தில வாறன்" என்றார். என் செருப்பு ஒன்று ஈர மணலில் புதைந்துவிட்டது. குனிந்து எடுத்து, தண்ணீரில் அலசி, என் கையில் தந்தார். அதற்குள் வள்ளக்காரன் கத்தத் தொடங்கிவிட்டான்.

அது நடந்து பதினெட்டு வருடம். அடுத்த வள்ளம் வரவில்லை. கொஞ்ச நாள் போன் வந்தது, பிறகு நின்றது. பிறகு சண்டை முடிந்தது என்று டிவியில் சொன்னார்கள். செத்தார் என்றும் செய்தியில்லை, இருக்கிறார் என்றும் செய்தியில்லை. மண்டபத்து முகாமிலிருந்து நாங்கள் இங்கே வந்து போலீசில் அகதிகளாகப் பதிவு செய்துகொண்டு இருந்துவிட்டோம்.

நான் நம்பியிருந்தேனா என்று கேட்டால், முதல் ஐந்து வருடம் நம்பினேன். அடுத்த ஐந்து வருடம் மாமிக்காக நம்பினேன். அதற்குப் பிறகு என்னை நானே கேட்பதை விட்டுவிட்டேன். பொட்டு வைத்தேன், தாலி போட்டிருந்தேன். அதற்கு நம்பிக்கை தேவையில்லை, பழக்கம் போதும். பல் போன இடத்தை நாக்கு கொஞ்ச நாள் தடவும், பிறகு மறந்துவிடும். எனக்கு அப்படித்தான் மரத்துப்போனது. அழாமல் இருப்பதைத் தைரியம் என்று வீட்டுக்காரம்மா எல்லோரிடமும் சொல்லிக்கொண்டிருந்தார். நானும் மறுக்கவில்லை.

ஒருநாள் மாமி போனைக் கட்டிலில் எறிந்தார். எங்களைப் போலவே மகனைத் தொலைத்த ஒரு குடும்பம். தாய் இறந்ததும் மகன் பெயருக்கு முன்னால் 'காலஞ்சென்ற' போட்டுவிட்டார்கள்.

"தாய் கண்ணை மூடினவுடன பிள்ளையையும் சாக்காட்டிப்போட்டினம்" என்றார். மூச்சு வாங்கியது. "பிள்ளை, என்ர நோட்டீசில என்ர பிள்ளைக்கு அந்தச் சொல்லைப் போடக்கூடாது. கையில அடிச்சுச் சத்தியம் பண்ணு."

வெங்காயம் உரித்துக்கொண்டிருந்த கையாலேயே அடித்துச் சத்தியம் செய்தேன். அந்தக் கையை அவர் கொஞ்ச நேரம் பிடித்துக்கொண்டே இருந்தார்.

இந்த வருடம் ஒரு செவ்வாய்க்கிழமை காலையில் மாமி போனார். நெஞ்சு எரிகிறது என்றார், சுடுதண்ணி வைக்கப் போனேன், திரும்பி வந்தபோது ஆள் இல்லை. மடியில் போன் அந்தத் தளத்தில் திறந்தபடி கிடந்தது. முதலாளி வந்து ஃப்ரீசர் பாக்ஸுக்கும் வண்டிக்கும் சொல்லிவிட்டார். மாமிக்கு இருக்கும் மற்றப் பிள்ளை, என் கணவரின் தம்பி, கனடாவில் இருக்கிறார். எந்த நாட்டுக் கடவுச்சீட்டு வைத்திருந்தாலும் பிறந்த இடம் இலங்கை என்றால் இந்திய விசா உடனே கிடைக்காது. அவரால் வர முடியவில்லை. அவரால் முடிந்தது அறிவித்தல் போடுவது. அதையும் டைப் செய்ய வேண்டியவள் நான்.

மாமி கிடந்த பெட்டி ஒரு பக்கம் இரைந்துகொண்டிருக்க, லேப்டாப்பை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். போனில் தம்பி சொல்லச் சொல்ல அடித்தேன். 'இந்தியா சென்னையைத் தற்காலிக வதிவிடமாகவும்' என்றார். பதினெட்டு வருடத் தற்காலிகம். அடித்தேன். பிள்ளைகளின் பெயர்களுக்கு வந்தோம்.

"அண்ணி, அண்ணைக்கு முன்னால அந்தச் சொல்லைப் போடத்தான் வேணும். எத்தினை வருசமாப் போச்சு. சனம் சிரிக்கும்."

"மாமிக்குச் சத்தியம் பண்ணிக் குடுத்திருக்கிறன் தம்பி."

"அப்ப பேரை விடுவம்."

"விட்டா ஏதோ கொழுவல் எண்டு நினைப்பினம். மாமியே அப்பிடித்தான் நினைப்பா."

அந்தப் பக்கம் போனைக் கையால் பொத்தியது கேட்டது. அவர் அழுதிருக்கலாம். பிறகு கோபத்தோடு கேட்டார்: "அப்ப எந்த நாடு எண்டு போடுறது? நீங்களே சொல்லுங்கோ."

கேள்வி நியாயமானதுதான். அந்தத் தளத்தின் படிவத்தில் ஒவ்வொரு பெயருக்கும் 'காலமானவர்' என்று ஒரு சின்னக் கட்டம் இருந்தது. அதில் டிக் போட வேண்டும், இல்லையென்றால் நாட்டைத் தெரிவு செய்ய வேண்டும். இரண்டும் செய்யாவிட்டால் அடுத்த பக்கத்துக்குப் போக விடாது. இலங்கை என்று போட்டால் அந்த மண்ணுக்குள் கிடக்கிறார் என்று நானே எழுதிக் கொடுக்கிற மாதிரி இருந்தது. அடுத்த வள்ளத்தில் வருகிறேன் என்றவர், வந்திருந்தால் எங்கே இருந்திருப்பார்? இங்கேதான். வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, வருகிறவர்களுக்கு நாற்காலி இழுத்துப் போட்டுக்கொண்டு, இந்தப் பெட்டிக்குப் பக்கத்தில் நின்றிருப்பார். இந்தியா என்று அழுத்தினேன். பக்கம் நகர்ந்தது.

"என்ன போட்டனீங்கள்?" என்றார் தம்பி. சொன்னேன். "உங்கட விருப்பம்" என்று சொல்லி வைத்துவிட்டார்.

மறுநாள் மின்மயானத்தில் சூடம் ஏற்றியது நான்தான். பொம்பிளை செய்யலாமா என்று யாரோ பின்னால் முணுமுணுத்தார்கள், ஆனால் முன்னால் வந்து சூடத்தை வாங்க யாரும் இல்லை. மூத்தவன் வந்துதான் எனக்குக் கொள்ளி வைப்பான் என்று மாமி பதினெட்டு வருடமாகச் சொல்லிக்கொண்டிருந்தார். முதலாளி வீடியோ காலில் கனடாவுக்குக் காட்டிக்கொண்டு ஒன்றரை மணி நேரம் போனைத் தூக்கிப் பிடித்தபடி நின்றார். "கை வுட்டுப்போச்சுக்கா. ஆனா அந்தாளு அழுதுகினே கீறாரு, எப்படி எறக்குறது?" என்றார்.

அறிவித்தலுக்குக் கீழே ஆழ்ந்த இரங்கல்கள் வரிசையாக வந்தன. என் கணவரைப் பற்றி யாரும் ஒன்றும் கேட்கவில்லை. சனம் சிரிக்கவில்லை, கவனிக்கவே இல்லை என்றுதான் நினைத்தேன்.

பன்னிரண்டாம் நாள், ஒரு சனிக்கிழமை, பதினொரு மணி இருக்கும். படியேறி ஒருவர் வந்தார். நாற்பது வயது மதிக்கலாம். மடிப்புக் கலையாத வெள்ளைச் சட்டை, நகக்கண்ணில் பச்சைப் பெயிண்ட். செத்த வீட்டுக்குச் சிரித்துக்கொண்டு வந்த ஒரே ஆள் அவர்தான்.

"அக்கா, அண்ணை நிக்கிறாரோ?"

எந்த அண்ணை என்று கேட்டேன். என் கணவரின் பெயரைச் சொன்னார். வீட்டுப் பெயரை, வெளியார் யாருக்கும் தெரியாத பெயரை, சொன்னார்.

"இடம்பெயரேக்கை நாங்கள் ஒண்டாத்தான் திரிஞ்சம். கடைசி அஞ்சு மாதமும் ஒரே தறப்பாளுக்குக் கீழதான் படுத்தம். நான் பிறகு இஞ்சால வந்திட்டன். திருவண்ணாமலைப் பக்கம் முகாமில இருக்கிறன், பெயிண்ட் அடிக்கிற வேலை. நேற்று ஒரு பெடியன் போனில அம்மாவின்ர நோட்டீசைக் காட்டினவன். அண்ணையின்ர பேருக்குப் பின்னால இந்தியா எண்டு கிடக்கு! எனக்கு விசர் பிடிச்ச மாதிரிப் போச்சுது அக்கா. செத்த வீட்டு நோட்டீசைப் பாத்துச் சிரிக்கிறியே எண்டு என்ர மனுசி ஏசுறாள். நோட்டீசில கிடந்த விலாசத்தை வைச்சுக்கொண்டு விடிய முதல் பஸ் ஏறித் தாம்பரத்தில இறங்கினனான்."

பைக்குள் கையை விட்டு இரண்டு பாக்கெட் கிரீம் கிராக்கர் பிஸ்கட் எடுத்து வைத்தார். என் கணவர் அதைப் பால் விடாத தேநீரில் தோய்த்துத் தோய்த்துத் தின்பார். அது எனக்கும் மாமிக்கும் மட்டும் தெரிந்த விஷயம் என்று நினைத்திருந்தேன்.

"அண்ணை வெளியில போயிட்டாரோ?" என்று கேட்டார்.

நான் "ம்" என்றேன்.

ஏன் அப்படிச் சொன்னேன் என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. "இருங்கோ, தேத்தண்ணி போடுறன்" என்று குசினிக்குள் போனேன். தண்ணீர் கொதிக்கட்டும் என்று அடுப்பைச் சின்னதாக வைத்தேன். முன்னறையில் அவர் மாமியின் படத்தைப் பார்த்து ஏதோ சொல்லிக்கொண்டிருந்தது கேட்டது. படியில் சத்தம் கேட்டபோது அவர் எழுந்து எட்டிப் பார்த்தார். கீழ் வீட்டுப் பிள்ளை. மறுபடி உட்கார்ந்தார். அந்தப் பத்து நிமிடமும் என் கணவர் கடைக்குப் போயிருந்தார். சந்தியில் பால் வாங்கப் போயிருப்பார், தெரிந்தவர் யாரையாவது கண்டு நின்று கதைத்துக்கொண்டிருப்பார். பதினெட்டு வருடத்தில் எனக்கு அவர் கிடைத்தது அவ்வளவு நேரம்தான். அதை நான் வேண்டுமென்றே நீட்டினேன்.

தேநீரை அவர் முன்னால் வைத்துவிட்டுச் சொன்னேன். "அவர் இல்லை. அந்த நாட்டை நான்தான் போட்டனான். அவர் எங்க எண்டு எங்களுக்கு ஒண்டும் தெரியாது."

கோப்பையைத் தொட்ட கையை எடுத்துவிட்டார். வந்ததிலிருந்து முகத்தில் இருந்த சிரிப்பு உடனே போகவில்லை. போவதற்குக் கொஞ்ச நேரம் எடுத்தது.

"அப்ப நான் பாத்தது சரிதான்" என்றார்.

அவர் சொன்னதை அப்படியே எழுதுகிறேன், கூட்டவில்லை. கடைசி மாதத்தில் ஒருநாள் காலை, கஞ்சி கொடுக்கிறார்கள் என்று இரண்டு பேரும் வரிசையில் நின்றிருக்கிறார்கள். கடற்கரை மணல், காற்று. என் கணவரின் கையில் ஒரு சட்டி இருந்திருக்கிறது, மூடி இல்லை. "கஞ்சிக்குள்ள மணல் விழும், ஓடிப்போய் மூடியை எடுத்துக்கொண்டு வா" என்று இவரை அனுப்பியிருக்கிறார். தறப்பாள் கூடாரம் நூறு அடி தூரம்கூட இல்லை. இவர் மூடியைத் தேடி எடுக்கும்போது ஷெல் விழுந்திருக்கிறது. திரும்பி ஓடி வந்தார். வரிசை இருந்த இடத்தில் வரிசை இல்லை. என் கணவரின் சட்டையைக் கண்டார். அடுத்த ஷெல் கூவிக்கொண்டு வந்தது. மூடியைப் போட்டுவிட்டு ஓடிவிட்டார்.

"தொட்டுப் பாக்கேல்லை அக்கா. கிட்டப் போகவே இல்லை. இவ்வளவு வருசமும் அதுதான் மனசுக்குள்ள அரிச்சுக்கொண்டு கிடந்தது. நோட்டீசைப் பாத்தவுடன, நான் பாத்தது பிழை, அண்ணை எப்பிடியோ தப்பிட்டார் எண்டு நினைச்சிட்டன்."

நான் ஒன்றே ஒன்று கேட்டேன். "வேறை ஏதும் சொன்னவரோ?"

"இல்லையக்கா. மூடியை எடுத்துக்கொண்டு வா எண்டதுதான்."

எனக்கு அழுகை வரவில்லை. சாப்பிட்டீர்களா என்று கேட்டேன். சோறும் பருப்பும் போட்டேன். அவர் தலையைக் குனிந்துகொண்டு, மூக்கை உறிஞ்சிக்கொண்டு, முழுவதையும் சாப்பிட்டார். மறுநாள் முகாமில் ஆள் கணக்கெடுப்பு, இன்றிரவுக்குள் போய்ச் சேர வேண்டும் என்றார். ஷேர் ஆட்டோ நிற்கிற சந்திவரை கூட நடந்தேன்.

"நான் வந்திருக்கக் கூடாது என்ன?" என்றார் ஆட்டோவுக்குள் இருந்து.

"வந்தது நல்லது" என்றேன். அது உண்மையா பொய்யா என்று அப்போது எனக்குத் தெரியவில்லை. வீட்டுக்கு வந்து, அவர் குடிக்காமல் விட்ட தேநீரை ஊற்றிவிட்டுக் கோப்பையைக் கழுவினேன்.

யாருக்கும் சொல்லவில்லை, தம்பிக்குக்கூட. என் மேல்தான் கோபம் வந்தது. அந்தச் சொல்லைப் போட்டிருந்தால் அந்த மனிதர் பஸ் ஏறியிருக்கமாட்டார். ஆளைச் சாகவிடக் கூடாது என்றுதான் மாமி சத்தியம் வாங்கினார். அதைக் காப்பாற்றப் போய்த்தான் என் கணவரின் சாவு என் வீட்டுப் படியேறி வந்தது. மாமி இதைக் கேட்காமல் போனது ஒன்றுதான் நல்லது. திங்கட்கிழமை வேலைக்குப் போனேன். "இன்னாக்கா, மூஞ்சியே செரியில்ல. வூட்டுக்குப் போறியா?" என்றார் முதலாளி. வேண்டாம் என்று சொல்லிவிட்டு ஒரு காதுகுத்து பேனரை முடித்துக் கொடுத்தேன். குழந்தையின் பெயரில் ஒரு எழுத்தை விட்டுவிட்டேன், அவரே திருத்திக்கொண்டார்.

முப்பத்தோராம் நாள் நெருங்கியது. எங்கள் வழக்கத்தில் அன்று நன்றி நவிலல் என்று இன்னொரு அறிவித்தல் போடுவார்கள். அதிலும் அதே பெயர்கள், அதே வரிசை. தம்பி பழையதை அப்படியே அனுப்பி, சரி பார்த்து ஏற்றிவிடுங்கள் என்றார். பழையபடி படிவத்தைத் திறந்தேன். நான் சத்தியம் செய்தது மாமியின் மரண அறிவித்தலுக்கு, இது நன்றி நவிலல் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். மாமி இருந்திருந்தால் இந்த வக்கீல் பேச்சுக்குச் செருப்பால் அடித்திருப்பார். என் கணவரின் பெயருக்கு எதிரே இருந்த சின்னக் கட்டத்தில் டிக் போட்டேன். நாட்டுக்கான பெட்டி தானாக மறைந்தது.

மாலை ஏழு மணிக்குத் தம்பி கூப்பிட்டார். அங்கே காலை.

"அண்ணி, நோட்டீசில ஒரு பிழை வந்திட்டுது. அண்ணைக்கு முன்னால அந்தச் சொல் விழுந்து கிடக்கு. உடன திருத்துங்கோ, சனம் பாக்கப் போகுது."

"பிழையில்லைத் தம்பி."

"நீங்கள்தானே வேண்டாம் எண்டனீங்கள்?"

"ஓம். நான்தான்."

அவர் என்ன ஏது என்று கேட்கவில்லை. அந்தச் சொல்லுக்காக என்னோடு சண்டை பிடித்தவர். நான் மறுத்த தைரியத்தில்தான் அவரும் இத்தனை நாள் இருந்திருக்கிறார் என்று எனக்கு அப்போதுதான் புரிந்தது.

"அப்ப... பின்னால இருந்த நாடு?" என்றார்.

"அது தானாப் போயிட்டுது" என்றேன்.

அவர் சின்னப் பிள்ளை மாதிரி விம்மத் தொடங்கினார். எனக்கு ஒன்றும் வரவில்லை. அவர் அழுது முடியும்வரை போனைக் காதில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.